பெல்கிரேட் பஸ்ஸுக்கு ஒரு பார்சல்

நீங்கள் தமிழ்தானே பிள்ளை? நான் அப்பவே நினைச்சனான். இந்த வாங்கில குந்தேக்கை "அம்மா" எண்டீங்கள். எத்தினை வருசம் இந்த நாட்டில இருந்தாலும் நோ வந்தால் தமிழ்தான் வரும். முழங்காலோ? ஸ்கீ பழகப் போய் விழுந்ததோ? உங்கட வயசில இதெல்லாம் ஒரு நோவே. கொஞ்சம் இருங்கோ, என்னட்டை ஒரு சாமான் இருக்கு.

இந்தாங்கோ. ஒரு உருண்டை காணும். பயப்பிடாதேங்கோ, எங்கட ஊர்ப் பரியாரியாற்ற கைமருந்து. வேரும் இலையும்தான். ஆனால் வெறும் வயித்தில போடக் கூடாது. காலமை சாப்பிட்டனீங்களோ? இல்லையோ? அப்ப டிஸ்யூவில சுத்திக் கையில வைச்சிருங்கோ. தங்கச்சியைக் கூட்டிக்கொண்டு போகத்தானே வந்தனீங்கள்? அவ வந்த உடன ரெண்டு பேருமாப் போய் ஏதும் சாப்பிட்டிட்டு விழுங்குங்கோ. பின்னேரம் படியேறேக்கை என்னை நினைப்பீங்கள்.

தங்கச்சி மியூனிக் பஸ்ஸிலயோ வாறா? அது பத்தரைக்குத்தான். என்ர பஸ்ஸும் இன்னும் வரேல்லை. இல்லை, நான் எங்கயும் போகேல்லை, பார்சல் குடுக்க வந்தனான். பெல்கிரேட் பஸ். ஓம், சேர்பியாதான். சிரியுங்கோ, சிரியுங்கோ. இந்த பஸ் தரிப்பில இருக்கிற சேர்பியாக்காரர் எல்லாருக்கும் என்னைத் தெரியும். ரெண்டு மாசத்துக்கு ஒருக்கா தடிச்ச கோட்டும் போட்டுக்கொண்டு ஒரு தமிழ் மனிசி பையோட வந்து நிப்பா எண்டு. சேர்பியாவில எனக்கு ஆர் இருக்கினம் எண்டோ கேக்கிறீங்கள்? ஒருத்தி இருக்கிறாள். கூடப்பிறக்கேல்லை, அவ்வளவுதான்.

அவளின்ர பேர் ஸ்னெஷானா. என்ர வாயில அது நுழையாது. முதல் கிழமை "பிள்ளை" எண்டன், ரெண்டாம் கிழமை "சினேகா" எண்டு வைச்சிட்டன். அவளும் ஒத்துக்கொண்டாள். வொலிபோல் விளையாடுறவள். பொழுதுபோக்குக்கு இல்லை, அதுதான் அவளுக்குத் தொழில். எங்கட இடத்துப் பெண்கள் கிளப்புக்கு விளையாட வந்தவள். அவை விளையாடுற மண்டபத்தில நான் கிளீனிங், பதினாறு வருசம்.

காலமை ஆறு மணிக்கு நான் மொப்போட உள்ளுக்குப் போனால், ஒருத்தி சுவரோட தனிய விளையாடிக்கொண்டு நிக்கிறாள். பந்தை விரல் நுனியால சுவருக்குத் தட்டுறது, அது திரும்பி வரத் திரும்பத் தட்டுறது. சத்தமே இல்லை, பிள்ளையைத் தூக்கிற மாதிரி அந்தப் பந்தைத் தூக்குறாள். நான் இந்தப் பக்கத்தால தேய்ச்சுக்கொண்டு கிட்டப் போக, பந்தைக் கக்கத்தில வைச்சுக்கொண்டு சப்பாத்தைக் கழட்டிக் கையில எடுத்தாள். ஈரத் தரையில மிதிச்சால் அச்சு விழும் எண்டு. பதினாறு வருசத்தில எனக்காக ஒருத்தியும் சப்பாத்துக் கழட்டேல்லை பிள்ளை. அண்டைக்கே எனக்கு அவளில விருப்பம் வந்திட்டுது.

கிளப் எடுத்துக் குடுத்த வீடும் எங்கட வீட்டுக்கு மேல் மாடி. பேந்தென்ன. சோறு, பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி எல்லாம் மேல போகும். முறுக்கெண்டால் உயிர். முதல் தரம் முறுக்குக் குடுத்த பெட்டியைக் கழுவித் துடைச்சு வெறுமையாக் கொண்டுவந்து தந்தாள். நான் சொன்னன், "இஞ்ச பார் பிள்ளை, எங்கட ஆக்கள் வெறும் பாத்திரம் திருப்பிக் குடுக்கிறேல்லை. கொஞ்சம் சீனி எண்டாலும் போட்டுத்தான் குடுப்பம்." அண்டையில இருந்து ஒருநாளும் வெறும் பெட்டி இறங்கி வரேல்லை. ஒரு அப்பிள் வரும். ஒரு சொக்லேட் வரும். ஒண்டுமில்லாத நாளில ரெண்டு தேயிலைப் பை கிடக்கும். ஊருக்குப் போட்டு வந்தால் வால்நட். தாயின்ர வளவில ஒரு பெரிய வால்நட் மரம் நிக்குதாம்.

எங்கட இவர் ஊரில ஓவர் விளையாடின ஆள். ஓவர் தெரியும்தானே, எங்கட யாழ்ப்பாணத்து வொலிபோல். இவர் ஒருநாள் மட்ச் பாக்க வந்திட்டு, "என்ன உவள், ஒரு பந்தும் அடிக்கிறாளில்லை, தூக்கித் தூக்கி மற்றவளுக்குக் குடுத்துக்கொண்டு நிக்கிறாள்" எண்டு சொன்னார். அதுதானாம் அவளின்ர வேலை. செற்றர் எண்டு சொல்லுறது. மற்றவள் அடிக்கிறதுக்கு ஏத்த மாதிரி உயரத்துக்குப் பந்தைத் தூக்கிக் குடுக்க வேணும். அடிச்சவளுக்குக் கைதட்டு. நல்லாப் போனால் இவளை ஒருத்தரும் பாக்காயினம், பிழைச்சால் மட்டும் பாப்பினம். நான் கேட்டன், "உனக்கு ஒருக்கா அடிக்க ஆசை இல்லையோ?" எண்டு. "அக்கா, ஆர் எப்ப எங்க பாயப் போறாள் எண்டு எனக்கு மட்டும்தான் தெரியும். அது காணும்" எண்டாள். எங்கள் ரெண்டு பேரின்ர ஜேர்மன் பாஷையும் அரைகுறை. ஆனால் அவள் கதைக்கிறது எனக்கு விளங்கும், நான் கதைக்கிறது அவளுக்கு விளங்கும்.

அவள் பட்ட பாட்டைக் கேட்டால் அழுவீங்கள். பதினாலு வயசில தாயை விட்டிட்டு பெல்கிரேட்டுக்கு விளையாடப் போனவள். தாய் ஆஸ்பத்திரியில துணி தோய்க்கிறவ. பதினெட்டு வயசில அந்த நாட்டுச் சின்னப் பிள்ளையளின்ர அணியில இருந்தவள். அதுக்குப் பிறகு பன்னிரண்டு வருசம் ஒரு சூட்கேஸோட திரிஞ்சாள். ருமேனியாவில ஒரு வருசம். பாக்கு எண்டொரு கடற்கரை நகரத்தில ஒரு வருசம், அங்க கடல் காத்துக்குக் காது நொந்துகொண்டே இருந்ததாம். போலந்து. பிரான்ஸ். கிரீஸில பாதி வருசத்தில கிளப்பே மூடுப்பட்டுப் போச்சுது. பிறகுதான் இஞ்ச. ஒவ்வொரு நாட்டிலயும் ஒரு பாஷை, ஒரு கட்டில், புதுசா ஆறு பேர். அவை எங்க பாயிறவை எண்டு படிச்சு முடிக்க வருசம் முடிஞ்சு போயிடும்.

இவ்வளவும் என்னத்துக்கு? தேசிய அணிக்கு. பெரிய ஆக்களின்ர அணி. ஆனால் சேர்பியாவில வொலிபோல்காரிக்குப் பஞ்சமே? எப்பவும் இவளுக்கு முன்னால ரெண்டு செற்றர். இவள் மூண்டாவது. கோடையில பயிற்சிக்குக் கூப்பிடுவினம், போவாள். கடைசியில பதினாலு பேரின்ர பேர் வாசிப்பினம், இவள் பதினைஞ்சாவதா நிப்பாள். மூண்டு தரம் அப்பிடி. ஒருக்கா ஊர்ச்சனம் தாய்க்கு வாழ்த்துச் சொல்லி முடிச்ச பிறகு சூட்கேஸோட வீட்டை திரும்பி வந்தவளாம். தேசிய அணிச் சட்டையோட அவள் விளையாடினது ரெண்டே ரெண்டு மட்ச், அதுவும் சிநேக மட்ச். அந்தச் சட்டை மேல் வீட்டு அலுமாரியில கண்ணாடித்தாள் சுத்தித் தொங்கும். தொட்டுப் பாக்க விட்டவள், தோய்க்க விடேல்லை.

அப்ப, போன வருசத்துக்கு முதல் வருசம், மாசி மாசம். நான் குசினியில நிக்கிறன், அவள் படியால ஓடி வாறாள். முப்பது வயசுப் பெட்டை, மூண்டு மூண்டு படியாப் பாய்ஞ்சு வாறாள். தேசிய அணிக் கோச் போன் எடுத்தவராம். முன்னால நிண்ட ரெண்டு பேரில ஒருத்திக்குப் பிள்ளை வயித்தில, மற்றவளுக்குத் தோளில ஒப்பரேசன். கோடையில ஐரோப்பியச் சாம்பியன்சிப். "இந்த முறை நீதான். இந்தச் சீசனை நல்லா முடிச்சிட்டு வா" எண்டு சொன்னவராம். என்னைக் கட்டிப்பிடிச்சு அழுதாள். எனக்கும் அழுகை வந்திட்டுது. அடுப்பில பருப்பு அடிப்பிடிச்சுப் போச்சுது.

ஆனால் முழங்கால் வீங்கிக் கிடந்தது. எனக்கு மட்டும்தான் தெரியும். கிளப் டொக்டருக்குச் சொன்னால் மூண்டு கிழமை இரு எண்டு எழுதுவார். எழுதினால் கோச்சுக்குப் போகும். போனால் அந்த இடத்துக்கு வேறொருத்தி வந்திடுவாள். அதால ஒருத்தருக்கும் சொல்லேல்லை. மண்டபத்தில சிரிச்சுக்கொண்டு பாயிறது, வீட்டை வந்து படியிலயே இருந்து அழுகிறது. படியில இருந்த படியே கையால ஊண்டி ஊண்டி மேல ஏறுவாள். நான் எத்தினை நாளைக்கு அதைப் பாத்துக்கொண்டு நிக்கிறது, சொல்லுங்கோ.

இதே உருண்டைதான். இப்ப உங்களுக்குத் தந்தனே, அதே. என்ர அம்மாவுக்குப் பன்னிரண்டு வருசமா வாதம். முந்திப் பெரிய பரியாரியார் இருந்த காலத்தில மூண்டு மாசம் பத்தியம் காத்தால்தான் கொஞ்சம் சுகம் தெரியும். அவர் போய் இப்ப மகன் செய்யிறான். மகன் கெட்டிக்காரன். ரெண்டு நாளில நோ பறந்திடும், பத்தியமும் இல்லை. அம்மா இப்ப கோயிலுக்கு நடந்து போறா. முகம் பூரிச்சு வட்டமா வந்து, நிலவு மாதிரி வடிவா இருக்கிறா. எங்கட தமிழ்ச்சனத்துக்கு இஞ்ச நான்தான் எடுப்பிச்சுக் குடுக்கிறது. ஆர் ஊருக்குப் போனாலும் எனக்கு ரெண்டு டப்பா வரும். நானும் இடுப்பு நோவுக்கு நாளுக்கு ஒண்டு போடுறனான்.

நான் குடுத்த உருண்டையை சினேகா கையில வைச்சுக்கொண்டு கன நேரம் பாத்தாள். "அக்கா, இதுக்குள்ள என்ன இருக்கு? நான் எல்லாம் கேட்டுத்தான் சாப்பிட வேணும். இருமல் பாணி கூட எனக்குக் குடிக்கேலாது" எண்டாள். வேரும் இலையும் எண்டன். டப்பாவைத் திருப்பித் திருப்பிப் பாத்தாள். அதில என்ன எழுதியிருக்கு, ஒண்டும் இல்லை, வெறும் வெள்ளை டப்பா. திரும்பவும் கையில வைச்சுக்கொண்டு இருக்கிறாள். எனக்குக் கொஞ்சம் மனம் நொந்து போச்சுது பிள்ளை. பொய் ஏன் சொல்லுவான். "என்னில உனக்கு நம்பிக்கை இல்லையோ?" எண்டு கேட்டன்.

உடன போட்டு விழுங்கினாள்.

ரெண்டு நாள். ரெண்டே நாளில வீக்கம் வத்திப்போச்சுது. அவள் பாய்ஞ்ச பாய்ச்சலைப் பாக்க வேணும் நீங்கள். அரையிறுதி மட்சில மண்டபம் முழுக்க எழும்பி நிண்டு அவளின்ர பேர் சொல்லிக் கத்தினது. நான் மொப்பைப் பிடிச்சுக்கொண்டு வாசலில நிண்டு கத்தினன். மட்ச் முடிய ஒரு மனிசி வந்து சிறுநீர்ச் சோதினைக்குக் கூட்டிக்கொண்டு போனா. அது எப்பவும் நடக்கிறதுதானாம். போகேக்கை என்னைப் பாத்துக் கண்ணடிச்சிட்டுப் போனாள்.

சித்திரையில கடிதம் வந்தது. ஸ்டெரொயிட்டாம், விளையாடுறவை தொடக் கூடாத மருந்தாம். வேரிலயும் இலையிலயும் எங்க பிள்ளை ஸ்டெரொயிட்? நான் அண்டைக்கும் சொன்னன், இண்டைக்கும் சொல்லுறன், அந்தக் கிளப்பில ஆரோ எரிச்சல் பிடிச்சவள் தண்ணிப் போத்தலில ஏதும் கலந்திருப்பாள். செக் நாட்டுக்காரி ஒருத்தி இருந்தாள், இவளுக்கு முன்னால அவள்தான் செற்றர். ஒருநாளும் எனக்கு வணக்கம் சொல்ல மாட்டாள். ஆனால் ஆர் கேக்கினம்.

பிறகு லோயர் வந்தார். அவளுக்காகக் கதைக்கிற லோயர், நல்ல மனிசன். எங்கட வீட்டுக் குசினி மேசையில இருந்து தேத்தண்ணி குடிச்சவர். அவர் சொன்னார், இது எதுக்குள்ளால வந்தது எண்டு காட்டினால் காணுமாம். தெரியாமல் சாப்பிட்டது எண்டு காட்டினால் தண்டனை சில மாசமாக் குறையுமாம், கோடைக்கு முதலே முடியவும் கூடுமாம். காட்டாட்டில் ரெண்டு வருசம். அதால அவள் சாப்பிட்ட குடிச்ச எல்லாத்தையும் ஒவ்வொருத்தரட்டையும் கேட்டு எழுதுறார். என்னட்டை கேட்டார், "நீங்கள் இவவுக்கு என்னென்ன குடுத்தனீங்கள்? குளிசை, தூள், எண்ணெய், கசாயம், எதெண்டாலும் சொல்லுங்கோ" எண்டு.

டப்பா பிரிட்ஜுக்கு மேல இருந்தது. அவரின்ர தலைக்கு நேர பின்னால. சினேகா எனக்கு முன்னால இருக்கிறாள். மேசை விரிப்பில இருந்த பூவை விரலால கீறிக்கொண்டு இருக்கிறாள்.

நீங்களே சொல்லுங்கோ. மூண்டு கிழமையில எங்களுக்குச் சிற்றிசன் நேர்முகம். இருபத்திமூண்டு வருசம் காத்திருந்து வந்தது. மகள் கபிஷா யூனிவெர்சிற்றிக்குப் போற வருசம். பேர் எழுதாத மருந்தை எடுப்பிச்சுச் சனத்துக்குக் குடுத்தவ எண்டு ஒருத்தன் ஒரு பேப்பரில எழுதினால் என்னத்துக்கு ஆகும்? என்ர வேலையும் அந்த மண்டபத்திலதான். நான் சொன்னன், "சோறு, பருப்பு, கத்தரிக்காய், முறுக்கு. வேற ஒண்டும் இல்லை."

அவர் அவளைப் பாத்தார். அவள் தலையை நிமித்தினாள். என்னைப் பாத்தாள், கனநேரம் இல்லை, ஒரு பார்வை. மட்சில ஆர் எங்க பாயப் போறாள் எண்டு பாப்பாளே, அப்பிடி. பேந்து லோயரட்டைச் சொன்னாள், "ஓம். சாப்பாடு மட்டும்தான்."

அவளே சொன்னவள், பிள்ளை. அவளே தன்ர வாயால சொன்னவள். பிறகு அது என்ர பிழை எண்டு எப்பிடிச் சொல்லுறது? எங்கட இவர் அண்டையில இருந்து ஒரு மாசம் என்னோட கதைக்கேல்லை. கபிஷா அறைக்குள்ள இருந்து எல்லாம் கேட்டுக்கொண்டுதான் இருந்தவள். அண்டைக்கு இரவு, "அம்மா, உந்த டப்பாவைக் குப்பையில போடுங்கோ" எண்டு கத்தினாள். இந்த நாட்டில பிறந்த பிள்ளைக்கு எங்கட மருந்தின்ர அருமை எங்க தெரியப் போகுது. சிற்றிசன் கிடைச்சது. ஓம், மூண்டு பேருக்கும் கிடைச்சது.

அவளுக்கு ரெண்டு வருசம் கிடைச்சது.

தேசிய அணிப் பட்டியலில இருந்து பேரை எடுத்தாச்சு. கிளப்பும் ஒப்பந்தத்தை முறிச்சிட்டுது. மண்டப வாசலில அவளின்ர பெரிய படம் ஒண்டு தொங்கினது, கதவளவு உயரம், பந்தைத் தூக்கிற மாதிரி ரெண்டு கையும் மேல. மனேஜர் வந்து என்னட்டை, "அதைக் கழட்டிக் குப்பையில போடுங்கோ" எண்டார். ஏன் என்னட்டைச் சொல்ல வேணும்? எத்தினை பேர் வேலை செய்யினம். ஆனால் சொன்னால் செய்யத்தானே வேணும். ஏணியை வைச்சு ஏறினன். நாலு மூலையும் ஆணி. ரெண்டு ஆணி கழட்டி முடிய, கீழ ஏணி அசையிற மாதிரி கிடந்தது. குனிஞ்சு பாத்தால் அவள் நிக்கிறாள். சப்பாத்தும் சாமானும் எடுக்க வந்தவள். ஏணியின்ர ரெண்டு காலையும் இறுக்கிப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறாள்.

"ஏணி ஆடுது அக்கா. பாத்து" எண்டாள்.

நான் கழட்ட மாட்டன் எண்டு இறங்கப் போனன். "கழட்டுங்கோ. நான் பிடிச்சிருக்கிறன்" எண்டாள். அவளின்ர படத்தை நான் கழட்ட அவள் கீழ நிண்டு பிடிச்சாள் பிள்ளை. கழட்டினதைச் சுருட்டி ஒரு றபர் வளையம் போட்டு என்ர கையில தந்தவளும் அவள்தான். நான் குப்பையில போடேல்லை. அலுமாரிக்குப் பின்னால வைச்சிருக்கிறன். விரிச்சுப் பாக்கத்தான் ஏலாமல் கிடக்கு.

அடுத்த நாள் இதே இடத்தில இருந்துதான் பஸ் ஏறினவள். அந்தத் தூணுக்குப் பக்கத்தில. ஒரு சூட்கேஸ், பன்னிரண்டு வருசமும் கொண்டு திரிஞ்ச அதே சூட்கேஸ். என்னைக் கொஞ்சிப்போட்டு ஏறினாள். போய்ச் சேந்திட்டன் எண்டு ஒரு மெசேச் வந்தது. அதுக்குப் பிறகு ஒண்டுமில்லை. நான் எடுத்தால் எடுக்கிறாளில்லை. எழுதினால் பாத்த அடையாளம் விழும், பதில் வராது. இருபது மாசம். எனக்கு ஒண்டு மட்டும் விளங்கேல்லை, ஏன் என்னோட கோவம்? நான் அவளுக்கு நல்லதைத் தவிர என்ன செய்தன்?

அந்த ஐரோப்பியச் சாம்பியன்சிப்பை ரீவியில போட்டவை. இவளின்ர இடத்தில ஒரு பத்தொன்பது வயசுப் பெட்டை. அவள் தூக்கிற பந்து வலையில போய் விழுகுது. நான் ரீவியை நிப்பாட்டிப்போட்டுக் குளியலறைக்குள்ள போய்த் தண்ணியைத் திறந்துவிட்டிட்டு அழுதன். சினேகாவின்ர கைக்கு அது நடக்காது. அந்தக் கை பன்னிரண்டு வருசம் காத்துக்கொண்டு இருந்த கை.

அதுதான் பார்சல் அனுப்புறன். இந்த பஸ்ஸில டிராகன் எண்டு ஒரு ட்ரைவர், அவளின்ர ஊரால போற ஆள். ரெண்டு மாசத்துக்கு ஒருக்கா ஒரு பெட்டி முறுக்கு, அதோட ஒரு டப்பா உருண்டை. இந்த முறை ரெண்டு டப்பா வைச்சிருக்கிறன். ஏனெண்டால் போன முறை டிராகன் சொன்னவன், வைகாசியோட தடை முடியுதாம், பக்கத்து ஊரில ஒரு சின்னக் கிளப் அவளைப் பாத்துக்கொண்டு இருக்காம். முப்பத்திரண்டு வயசு. இனித் தேசிய அணி எண்டு ஒண்டும் இல்லை. எண்டாலும் விளையாடப் போறாள்தானே. அந்த முழங்காலை வைச்சுக்கொண்டு என்ன செய்வாள் பாவம். ஆர் இருக்கினம் அவளுக்கு.

அந்தா, வருது. அந்த வெள்ளை பஸ்தான். பிள்ளை, இந்தக் கைப்பையை ஒருக்காப் பாத்துக்கொள்ளுங்கோ. ஐஞ்சு நிமிசம். டிராகன் இறங்கின உடன குடுத்திட்டு வாறன்.

வந்திட்டன் பிள்ளை. இருக்கிறன், இருக்கிறன். எனக்கு ஒண்டுமில்லை. இந்தப் பையை மடியில வைச்சுக்கொள்ளுறன்.

அவன் என்ர பார்சலை வாங்கேல்லை. நான் நீட்ட, பொறுங்கோ எண்டிட்டு பஸ்ஸுக்குக் கீழ இருந்து இந்தப் பையை எடுத்துத் தந்தான். அவள் தந்துவிட்டவளாம். இருபது மாசத்துக்குப் பிறகு. நான் அதிலயே, பஸ்ஸுக்குப் பக்கத்தில நிண்டே திறந்து பாத்தன். பாருங்கோ.

எல்லாம் என்ர டப்பா. ஒன்பது. எண்ணிப்போட்டன். இந்தப் பச்சை ரேப் நான் சுத்தினது, பாருங்கோ, ஒண்டிலயும் கை படேல்லை. ஒருநாளும் திறக்கேல்லை. இது முதல் முதல் அனுப்பினது, மூடியில நான் எழுதின திகதி கிடக்கு. அவள் போய் ரெண்டு மாசத்தில அனுப்பினது. அப்பவே திறக்கேல்லை.

முறுக்கு இல்லை. முறுக்கு முழுக்கச் சாப்பிட்டிருக்கிறாள். இந்தப் பெட்டி அந்த முறுக்குப் பெட்டி. கழுவித் துடைச்சுத் தந்திருக்கிறாள். வெறுமையா இல்லை. பாருங்கோ பிள்ளை, வெறுமையாத் தரேல்லை. வால்நட். உடைச்சுக் கோதெல்லாம் எடுத்து, பருப்பை மட்டும் நிரப்பித் தந்திருக்கிறாள். இதை உடைக்க எத்தினை நாள் சென்றிருக்கும்.

கடிதம் ஒண்டும் இல்லை. டிராகனட்டைச் சொல்லிவிட்டவளாம். நான் ரெண்டு தரம் கேட்டன், அவன் ரெண்டு தரமும் ஒரே மாதிரித்தான் சொன்னான். "டப்பா வேண்டாம் எண்டு சொல்லு. அக்காவும் அதைச் சாப்பிட வேண்டாம் எண்டு சொல்லு. அவவின்ர முகம் ஊதத் தொடங்கினது, நான் இருக்கேக்கையே கண்டனான்" எண்டவளாம்.

என்ர முகமும் அம்மாவின்ர மாதிரி ஊதியிருக்கோ பிள்ளை? உண்மையைச் சொல்லுங்கோ. இருக்கோ?

கோவம் இல்லை அவளுக்கு. கோவம் எண்டால் ஆர் இருந்து வால்நட் உடைப்பினம். போன் எடுத்தால் நான் என்ன கேப்பன் எண்டு அவளுக்குத் தெரியும். கேட்டால் அவள் சொல்ல வேணும். எனக்குச் சொல்லக் கூடாதெண்டுதான் எடுக்காமல் இருந்திருக்கிறாள். அண்டைக்கு மேசையில இருந்து பூவைக் கீறேக்கையே அவளுக்குத் தெரியும். ஏணியைப் பிடிச்சுக்கொண்டு நிக்கேக்கையும் தெரியும். எல்லாருக்கும் தெரியும். கபிஷாவுக்குத் தெரியும், இவருக்குத் தெரியும். எனக்கும்...

அது உங்கட தங்கச்சியின்ர பஸ்ஸோ? ஓம், மியூனிக் எண்டு போட்டிருக்கு. எழும்புங்கோ, மெல்ல, என்ர தோளைப் பிடியுங்கோ. ஒரு நிமிசம். பிள்ளை, நான் முதல் தந்த உருண்டை எங்க? இன்னும் கையிலதானே வைச்சிருக்கிறீங்கள்? விழுங்கேல்லைத்தானே?

தாங்கோ அதை. டிஸ்யூவோட தாங்கோ. ஒண்டும் கேக்காதேங்கோ, தாங்கோ. டொக்டரட்டைப் போய் அந்தக் காலைக் காட்டுங்கோ, இண்டைக்கே போங்கோ.

நில்லுங்கோ, வெறுங்கையோட போகாதேங்கோ. கையை நீட்டுங்கோ. இந்தாங்கோ, வால்நட். தங்கச்சிக்கும் குடுங்கோ. அவளின்ர தாயின்ர மரத்துக் காய்.